நாட்டரசன்கோட்டையில் ஆளில்லாமல் ஓடிய பதினொரு லாரிகள்

போன மார்கழியில் நாட்டரசன்கோட்டைக்குப் போய் ஒரு பழைய லாரி வாங்கினேன். ஆத்தங்குடித் தரைக்கல்லை மதுரைக்கு அனுப்புவது என் தொழில். லாபமெல்லாம் வண்டி வாடகைக்கே போனது. ஒரு பெருநகரத்தில் புகை கக்கும் சரக்கு வண்டிகள் நுழையும்போதெல்லாம் கட்டணம் கட்ட வேண்டும். கட்டி மாளாதவர்கள் தள்ளிவிடும் வண்டிகள் பாதி விலைக்கு நம் பக்கம் வருகின்றன. இங்கே கேட்பாரில்லை என்பதுதான் என் கணக்கும்.

நான் இருக்கும் செக்காலையில் காலை ஐந்து பத்துக்கு வாடகைக் கார் ஏறினேன். நாற்பது கிலோமீட்டர் சொச்சம், போக வர ஆயிரத்து எண்ணூறு ரூபாய். ஆறு ஐந்துக்கு இறங்கினேன். பூட்டிக் கிடந்த பெரிய வீடொன்றின் பின்புறம், உயரமான மதில். லாரிகளை விற்றுக் கொடுக்கும் தரகர் எட்டு மணிக்குத்தான் வருவார். அவர் வருமுன் சரக்கைப் பார்ப்பது என் பழக்கம்.

மதில் கதவைத் தள்ளினேன். பனி என்று நினைத்தேன். தொண்டை எரிந்த பிறகுதான் புகை என்று தெரிந்தது. பதினொரு லாரிகள் வாசலைப் பார்த்து நின்றன. பதினொன்றிலும் எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது, ஒன்றிலும் ஆள் இல்லை. பின்னால் வெள்ளை மதிலில், ஒவ்வொரு புகைக்குழாய்க்கும் நேரே ஒரு கருவட்டம், கண் மாதிரி. குரல் கொடுத்தேன். இருமல்தான் பதிலாக வந்தது. முதலில் இடப்பக்கம், அடுத்து என் முதுகுக்குப் பின்னால்.

"இங்குட்டு வராதீக. அங்குட்டே நில்லுங்க."

முகத்தில் ஈரத்துண்டு கட்டிய காவல்காரர். பாட்டரி இறங்காமலிருக்கத் தினமும் அரைமணி நேரம் எல்லாவற்றையும் ஓடவிட வேண்டுமாம், தரகர் உத்தரவு. குடியிருப்பதும் மதிலுக்குள்ளேயே ஓர் அறையில். இருமல் தாங்காமல் அவர் மனைவி தன் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டார்.

"பட்டணத்துல இந்தப் புகைக்குக் காசு கேட்டாகளாம். நான் சும்மாவே வாங்கிக்கிறேன்," என்று சிரித்தார். சிரிப்பு இருமலாகி, துண்டில் கறுப்பாக விழுந்தது.

அவர் எல்லா எஞ்சினையும் அணைத்த பிறகும் புகை போகவில்லை. ஏழு மணிவரை கழுத்தளவில் நின்றது. அவர் நடந்தபோது தலை மட்டும் நகர்ந்தது.

அந்தக் கட்டணத்தை நான் குறை சொல்ல மாட்டேன். அங்கே காற்று தெளிந்திருக்கும். அந்தப் புகை இங்கே இந்த மனிதரின் நெஞ்சுக்குள் போவதில் நானும் பங்கு கேட்டு வந்திருந்தேன்.

வண்டி பார்க்கப் போகிறவர்கள் சூடான எஞ்சினை நம்பாதீர்கள். ஆறவிட்டுக் கிளப்பச் சொல்லுங்கள். வெள்ளைக் கைக்குட்டை ஒன்றைப் புகைக்குழாய் முன் பிடித்து, எவ்வளவு கறுக்கிறது என்று பாருங்கள், போதும்.

எட்டரைக்குத் தரகரோடு முடிந்த விலை மூன்று லட்சத்து எண்பதாயிரம். எஞ்சினுக்கு டீசல் செலுத்தும் பம்பும் நாசிலும் மாற்றி, புகைச் சோதனையில் தேறிய பிறகே பணம். இன்னும் பத்தாயிரம் குறைத்திருப்பேன். அதற்குப் பதிலாகப் பதினொரு வண்டியின் பாட்டரி வயரையும் கழற்றச் சொன்னேன். கழற்றிவிட்டால் பாட்டரி சீக்கிரம் இறங்காது, தினமும் ஓடவிட வேண்டியதில்லை. நான் கிளம்புமுன் கழற்றினார்கள்.