பெண் வண்டுக்கு ஒட்டிய மீசை

ஆண் வண்டின் மீசையைப் பெண் வண்டுக்கு ஒட்டிவிட்டேன். தப்பு என்னுடையது. பூச்சிக் கடைத் தொழிலில் உடையாமல் வருவது எதுவும் கிடையாது. ஒட்டத் தெரியாதவனுக்கு அங்கே வேலையும் கிடையாது. நீங்களும் எந்த முதலாளிக்காவது உடைந்ததை முழுசாக்கிக் கொடுத்தவர்தானே? அப்படியானால் அதிகம் விளக்க வேண்டாம்.

தவுக்கே வைத்த பரீட்சை

எழுபதுகளின் நடுவில், ஈப்போவை ஒட்டிய லகாட் பக்கம் எங்கள் தோட்டத்தில் கித்தா என்கிற ரப்பர் மரங்களைச் சாய்த்துவிட்டு எண்ணெய்க்குச் செம்பனை நட்டார்கள். பால்மரம் வெட்டின கை சும்மா கிடந்தது. ஈப்போவில் ஒரு சீனர் பட்டாம்பூச்சி, வண்டு எல்லாம் காயவைத்துக் கண்ணாடிச் சட்டம் போட்டு விற்றார். வேலை கேட்டுப் போனேன்.

முதலாளியை அங்கே தவுக்கே என்பார்கள். கால் உடைந்த வண்டு ஒன்றையும் கோந்துப் புட்டியையும் என் பக்கம் தள்ளினார். உள்மரத்தில் காயம் படாமல் பட்டை சீவின கை இது. ஒட்டிக் கொடுத்தேன். பூதக்கண்ணாடி வைத்துத் தேடினார். கடைசியில் தனக்குத் தெரிந்த தமிழில் கேட்டார்: “எந்தக் கால் உடைஞ்சது லா? நீயே சொல்லு.”

பாய் திருப்பிய சட்டம்

கடையில் அதிகம் போனது நீளக்கொம்பு வண்டு. அந்தக் கொம்பை நாங்கள் மீசை என்போம். ஆணுக்கு மீசை உடம்பைவிட நீளம். பெண்ணுக்குக் குட்டை. மீசை போன வண்டை எவனும் தொடமாட்டான்.

பக்கத்துச் சாப்பாட்டுக் கடை பாய்க்குப் பெருநாளுக்கு ஒன்றைச் சட்டம் போட்டுக் கொடுத்தேன். மூன்றாம் நாள் திருப்பிக் கொண்டுவந்தார். என் வேலையில் என்ன குறை என்று எரிந்து விழுந்தேன். குறையே இல்லையாம். “உசுரோட இருக்கிற மாதிரி இருக்கு அண்ணே. மீ கோரெங் சாப்பிட வந்தவன் கரப்பான்னு எந்திரிச்சுப் போறான்.”

புது சாதி

எண்பதுகளின் தொடக்கத்தில் கோலாலம்பூரிலிருந்து ஓர் ஆய்வாளர் வந்தார். மலாய்க்காரர். வண்டுகளை இனம் பிரித்துப் பெயர் எழுதுவது அவர் வேலை. ஒரு பெட்டியைத் திறந்தவர் அப்படியே நின்றுவிட்டார். முன்கால் குட்டை. வயிற்று நுனியில் முட்டையிடும் குழல். பெண்தான். மீசை மட்டும் ஆண் அளவுக்கு நீளம். தெரிந்த இனம் எதிலும் பெண் இப்படிக் கிடையாது, ஆகவே இது புது இனம் என்றார்.

வண்டுக்கு லத்தீனில் இரண்டு சொல்லில் பெயர். முதல் சொல் பேரினம்; அது ஏற்கெனவே இருந்தது. இரண்டாவதை அவரே வைக்கலாமாம். வண்டைப் பதப்படுத்தியது யார் என்றார். மாரிமுத்து, நான்தான் என்றேன். தாளில் எழுதிக் காட்டினார்: மாரிமுத்துயி. உலகம் உள்ளவரை நிற்கும் என்றார்.

உதிரி டப்பாவில் கிடந்த மீசையை அவசரத்தில் எடுத்து ஒட்டினது எனக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. வாயைத் திறக்கவில்லை. தோட்டத்தில் கணக்கெழுதும் கிராணி என் பெயரை ஒரு நாளும் சரியாக எழுதினதில்லை. இவர் லத்தீனில் எழுதுகிறார். நீங்கள் மட்டும் திறந்திருப்பீர்களா? தவுக்கே என் தோளைத் தட்டினார். “மாரி, நீ பெரிய மனுசன் ஆயிட்ட லா.”

மிசாய்

எனக்கு எதிர் மேசையில் ஒரு பெண். எங்கள் தோட்டத்திலேயே பால்மரம் வெட்டியவள். காய்ந்த வண்டுகளை ஆவியில் இளக்கிக் கால் விரிப்பது அவள் வேலை. சாய்த்த கித்தா மரங்களில் இந்த வண்டு சோடி சோடியாக உட்கார்ந்திருப்பதைத் தினமும் பார்த்தவள்.

ஆய்வாளர் வண்டை எடுத்துப்போக வந்த அன்று, அதைப் பெட்டியில் கட்டச் சொல்லி அவளிடம் கொடுத்தேன். மீசையின் அடிப்பக்கம் நகத்தை ஓட்டினாள். நின்றது நகம். இந்த வண்டில் ஆண் மீசைக்கு அடியில் முள்முள்ளாகச் சொரசொரக்கும், பெண்ணுக்கு வழவழப்பு. என்னைப் பார்த்தாள். “அண்ணே, நீங்க சொல்றீங்களா, நான் சொல்லவா?”

நான் கோந்துப் புட்டியை மூடிக்கொண்டிருந்தேன். ஏற்கெனவே மூடியிருந்த புட்டி.

அவளே எழுந்து ஆய்வாளரிடம் போனாள். உடம்பு பெண், மிசாய் ஆண் என்று தனக்குத் தெரிந்த மலாயில் சொன்னாள். மீசைக்கு மலாயிலும் மிசாய்தான். அவருக்கு உடனே புரிந்தது. வண்டை ஆவிப் பெட்டியில் வைத்தார். கோந்து இளகி இரண்டு மீசையும் கழன்று விழுந்தன. என் பெயர் எழுதின தாளைக் கிழித்தார். பழைய பெயரையே எழுதி ஒட்டினார். திட்டவில்லை. இவ்வளவு சுத்தமான ஒட்டைத் தான் பார்த்ததில்லை என்றார். மாணவர்களுக்குக் காட்ட அந்த மீசைகளைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

அன்றைக்கு முழுக்க உதிரி டப்பாவைக் கொட்டி ஆண் மீசை, பெண் மீசை என்று பிரித்துக்கொண்டிருந்தேன். கடை மூடும்போது அவள்தான் வந்தாள். “உங்க பேரு போனா போவுது அண்ணே. அந்த வண்டுக்கு ஏற்கெனவே ஒரு பேரு இருக்குல்ல.”

அதற்கப்புறம் ஆய்வாளர் ஈப்போவுக்கு வந்தபோதெல்லாம், ஒட்டுத் தெரியாமல் ஒட்டின என்னைத் தாண்டிப் போய் அவர் தேடினது, ஒட்டைக் கண்டுபிடித்த அஞ்சலையை.