முதலில் யார் முகம்? விசாலாட்சி அக்காவுக்கு

செவ்வாய்க்கிழமை காலை, செனவாங்கில் நான் வேலை செய்யும் தொழிற்சாலைக்கு ஒரு தொலைபேசி வந்தது. மறுமுனையில் விசாலாட்சி அக்காவின் அண்ணன். "கௌரி, தங்கச்சி போயிருச்சும்மா. கடையில நின்னுக்கிட்டுத்தான் இருந்துச்சு, அப்படியே சாஞ்சிருச்சு. அமைதியாத்தான் போச்சு" என்றார். "சரிண்ணே, வர்றேன்" என்று சொல்லிவிட்டு வைத்தேன். அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. அக்காவுக்கும் அமைதிக்கும் என்ன சம்பந்தம்? அவரோடு ஒருநாள் இருந்தவர்கள்கூட அந்தச் சொல்லைச் சொல்லமாட்டார்கள். உட்கார்ந்தால் கால் ஆடும். நின்றால் விரல் மேசையைத் தட்டும். ஒரு படத்தையாவது முதலிலிருந்து கடைசிவரை அவர் உட்கார்ந்து பார்த்து நான் கண்டதில்லை.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். மலேசியாவில், சிரம்பான் தெமியாங்கில் அவருடைய அண்ணன் வீடியோ வாடகைக் கடை வைத்திருந்தார். ஊர்க்காரர்களுக்கு விசாலாட்சி அக்கா அந்தக் கடைக்காரரின் தங்கை, அவ்வளவுதான். ஆனால் புக்கிட் பெலண்டோக் பக்கத்து ரப்பர்த் தோட்டங்களில் அவர் வேறு ஆள். பல படங்களிலிருந்து துண்டு துண்டாக எடுத்து, ஒட்டி, யாரும் எடுக்காத படத்தைச் செய்து கொடுப்பவர். ஒரு படத்தின் நாயகன் இன்னொரு படத்தின் நாயகியைப் பார்த்துச் சிரிப்பார். மூன்றாவது படத்தின் பாட்டு பின்னால் ஓடும். மனத்துக்குப் பிடித்த நடிகருக்காக ரசிகர்கள் ஆசைப்பட்டதையெல்லாம் அவர் டேப்பில் நடத்திக் காட்டினார்.

இந்தப் பித்து எழுபதுகளில் தொடங்கியது. அவருடைய அப்பா அப்போது தோட்டம் தோட்டமாகப் போய்த் துணி விற்றவர். தோட்டத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் போடும் நாளில்தான் வியாபாரம் சூடுபிடிக்கும். அவர்களுடைய வேன் திரைக்குப் பின்பக்கம் நிற்கும். அங்கிருந்து பார்த்தால் படம் இடவலம் மாறித் தெரியும். பள்ளிக்கூடப் பெண்ணான அக்காவுக்கு அது சலித்துவிட்டது. திரைக்கு அடியில் குனிந்து பார்த்தால் மறுபக்கம் முழுக்க முகங்கள். அன்றிலிருந்து அவர் படத்தைப் பார்க்கவில்லை, பார்ப்பவர்களைப் பார்த்தார். பிற்காலத்தில் தோட்டத்து மண்டபங்களில் வீடியோ போடும்போதும் டிவிக்குப் பக்கத்தில் கூட்டத்தைப் பார்த்தபடிதான் உட்காருவார். "யாரு எங்க சிரிக்கிறாங்கங்கிறது முக்கியமில்ல கௌரி. எங்க எந்திரிச்சு வெளிய போறாங்கன்னு பாரு" என்பார்.

அந்தத் தோட்டங்களில் ஒன்றில் வளர்ந்த நான், பள்ளியில் ஐந்தாம் படிவம் முடித்துவிட்டு அந்தக் கடையில் வேலைக்குச் சேர்ந்தது எண்பதுகளின் நடுவில். பின்னறையில் இரண்டு டெக், இரண்டு டிவி. ஒரு டெக் படத்தை ஓட்டும், மற்றது பதியும். அக்காவின் கட்டைவிரல் பதியும் டெக்கை நிறுத்திவைக்கும் பொத்தான்மேல் இருக்கும். பொத்தானை விட்டதும் அது உடனே பதியாது, கண்சிமிட்டும் நேரம் தாமதிக்கும். அதனால் வேண்டிய முகம் வருவதற்குச் சற்று முன்பே விரலை எடுத்துவிட வேண்டும். எனக்கு அது கடைசிவரை கைவரவில்லை. நான் ஒட்டினால் ஆட்களுக்குப் பாதி வார்த்தைதான் இருக்கும். "ஒன் படத்துல எல்லாருக்கும் விக்கல்" என்று கேலி செய்வார்.

ஒருமுறை ஒரு சோகப் படத்தின் முடிவைத் தோட்டத்துப் பெண்கள் தாங்கமாட்டாமல் அக்காவிடம் முறையிட்டார்கள். அவர் நாயகன் சாகும் காட்சியை எடுத்துவிட்டு, வேறொரு படத்தில் அதே நடிகர் மருத்துவமனையிலிருந்து நடந்து வருவதை ஒட்டிக் கொடுத்தார். எங்கள் தோட்டத்தில் பாதிப் பேர் பார்த்தது அந்த டேப்பைத்தான். சில வருடம் கழித்து அசல் படம் டிவியில் வந்தபோது, "டிவிக்காரன் முடிவ மாத்திப்புட்டான்லா! நல்லா இருந்த மனுசன இப்படிக் கொன்னுட்டானே!" என்று எங்கள் லயத்து வீடுகள் அத்தனையும் கொதித்தன. அக்காவிடம் சொன்னேன். சிரிப்பார் என்று பார்த்தால், "அந்த நடை கொஞ்சம் நீளம் புள்ள. வெட்டியிருக்கணும்" என்று டேப்பைத் திருப்பிக் கேட்டார்.

இனி என் கதைக்கு வருகிறேன். அதைச் சொல்லாமல் அக்காவைச் சொல்ல முடியாது. எங்கள் தோட்டத்தில் மேல்லயம், கீழ்லயம் என்று இரண்டு வரிசை வீடுகள். மேல்லயம் முழுக்க ஒரு நடிகரின் ரசிகர்கள். கீழ்லயம் முழுக்க அவருடைய போட்டி நடிகரின் ரசிகர்கள். நடிகர்களின் பெயரை நான் எழுதப்போவதில்லை. எழுதினால், யார் பெயரை முதலில் எழுதினேன் என்று இன்றும் சண்டைக்கு வருவார்கள். மேல்லயத்து ரசிகர் மன்றத் தலைவர் என் அப்பா. கீழ்லயத்துத் தலைவரின் மகன் சேகரைத்தான் நான் விரும்பினேன். எனக்கு வேறு ஆள் கிடைக்கவில்லையா என்று கேட்காதீர்கள். அம்மா கேட்டு முடித்துவிட்டார்.

இரண்டு வீடும் ஒருவழியாக இறங்கிவந்தன. ஆனால் விசேஷத்துக்கு மண்டபத்தில் வீடியோ போடுவது எங்கள் தோட்டத்து வழக்கம். யாருடைய படம்? "எம் மக கல்யாணத்துல அந்தாளு படமா?" என்றார் அப்பா. "எங்காளு இல்லாத மண்டபத்துல நான் கால் வைக்கமாட்டேன்" என்றார் சேகரின் அப்பா. அக்கா இதைக் கேட்டதும் நாற்காலியிலிருந்து துள்ளி எழுந்தார். அந்த இரண்டு நடிகர்களும் ஒரு படத்திலும் சேர்ந்து நடித்ததில்லை. "நான் நடிக்க வைக்கிறேன்" என்றார்.

இருவரையும் சேர்த்து அக்கா ஒட்டிய டேப்பைப் பரிசம் போடும் நாளில் போட்டோம். மேல்லயத்து நடிகர் சிரிக்கிறார். கீழ்லயத்து நடிகர் உள்ளே நடந்து வருகிறார், கைகூப்புகிறார். இருவரும் ஒரே வீட்டில் இருப்பதுபோலவே இருந்தது. நான் சேகரைப் பார்த்துச் சிரித்தேன். அதற்குள் சேகரின் அப்பா எழுந்துவிட்டார்.

"நிறுத்துங்கய்யா! எங்காளு என்னாத்துக்குக் கும்புடுறாரு? ஒங்காளு ஜம்முன்னு நாற்காலியில உக்காந்துக்கிட்டு இருக்காரு!"

அப்பா அப்போது வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். இருக்கவில்லை. "பெரியவங்களக் கண்டா கும்புடத்தான் செய்வாங்க" என்றார்.

அவ்வளவுதான். பரிசத் தட்டுகளைத் தூக்கிக்கொண்டு கீழ்லயம் மொத்தமும் வெளியே போய்விட்டது. பூவும் பழமும் வந்த வழியே திரும்பிப் போனதை நான் புதுப்புடவையோடு நின்று பார்த்தேன். அக்கா தலையில் கைவைத்துக்கொண்டார். "நாற்காலிய நான் பாக்கவே இல்லையே புள்ள. ரெண்டு பேரு கண்ணும் சந்திக்குதான்னு மட்டுந்தான் பாத்தேன்."

மறுநாளே அக்கா பஸ் ஏறித் தோட்டத்துக்கு வந்து சேகரின் அப்பா முன்னால் நின்றார். அந்த மனிதர் நன்றாக யோசித்து வைத்திருந்தார். "நின்னா ரெண்டு பேரும் நிக்கணும். உக்காந்தா ரெண்டு பேரும் உக்காரணும். அது சரி. மொதல்ல யாரு மூஞ்சி வரும்?" என் அப்பாவும் வீட்டில் அதையேதான் கேட்டுக்கொண்டிருந்தார்.

டேப்பில் ஒன்றன்பின் ஒன்றாகத்தான் வரும். அக்கா முதலில் ஒரு கோயில் கோபுரத்தை வைத்துப் பார்த்தார். பிறகு ஒரு குழந்தையை வைத்துப் பார்த்தார். எதை வைத்தாலும் அதற்கு அடுத்து ஒருவர் முகம் வந்தாக வேண்டும். ஒட்டுவதும் அழிப்பதுமாகக் கடைப் பின்னறையில் குறுக்கும் நெடுக்கும் நடந்தார். என் வாழ்க்கை ஒரு பொத்தானில் தொங்கிக்கொண்டிருந்தது.

சேகர் ஒருநாள் கடைக்கு வந்து, "பேசாம ரெண்டு பேரும் போயி ரெஜிஸ்டர் பண்ணிக்கலாம்லா" என்றார். அக்கா அவரைப் பிடிபிடியென்று பிடித்தார். "ஒனக்கு எளிது. அப்புறம் இவ அப்பா இவ மூஞ்சில முழிப்பாரா? பொறக்குற புள்ளைக்கு ஒரு தாத்தாவாச்சும் மிஞ்சுவாரா? போயி வேலையப் பாரு." நான் உள்ளுக்குள் அஞ்சியதும் அதைத்தான். அப்பா இல்லாத மணவறையில் உட்கார எனக்குத் துணிவில்லை.

ஒரு மதியம் இரண்டு டிவியும் ஓடிக்கொண்டிருந்தன. ஒன்றில் மேல்லயத்து நடிகர் சாப்பிடுகிறார். மற்றதில் ஏற்கெனவே பதிந்த டேப்பில் கீழ்லயத்து நடிகர் சாப்பிடுகிறார். இருவருக்கும் பரிமாறுவது ஒரே அம்மா. அந்த நடிகைதான் பல படங்களில் இருவருக்கும் தாயாக நடித்தவர். அக்கா நடப்பதை நிறுத்தினார். அவர் அசையாமல் நின்றதை நான் பார்த்தது அந்த ஒருமுறைதான்.

"இந்தம்மா அழுதா மட்டும் ரெண்டு லயமும் விசில் அடிக்கிறதில்ல கௌரி. நான் பாத்திருக்கேன்" என்றார். பிறகு, "ஏய், ரெண்டு டிவியையும் தூக்கிட்டுப் போயிருவோமா?"

அண்ணனுக்கு விருப்பமே இல்லை. கடையைக் காலிசெய்துகொண்டு போவதுபோல் இருக்கிறது என்று முணுமுணுத்தார். ஆனாலும் லோரி கொடுத்தார். இரண்டு டிவி என்றதும் இரண்டு வீடும் மறுபடி இறங்கிவந்தன. கல்யாணத்தன்று மண்டபத்தில் இரண்டு டிவியும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தன. உடனே அடுத்த கேள்வி வந்தது. வலது பக்கம் யார்? அக்கா அதற்குத் தயாராக இருந்தார். "மணவறையில பொண்ணு எந்தப் பக்கம் உக்காந்துச்சோ அந்தப் பக்கம் பொண்ணு வீட்டு நடிகர். மாப்பிள்ள பக்கம் மாப்பிள்ள வீட்டு நடிகர். இதுல யாருக்காச்சும் வழக்கு இருக்கா?" ஐயர் உட்கார வைத்ததை யார் எதிர்ப்பது? இரண்டு தலைவர்களையும் கூப்பிட்டு ஆளுக்கொரு டெக்கின் முன்னால் நிறுத்தினார். "நான் கைதட்டுனதும் ரெண்டு பேரும் சேந்து அமுக்கணும்."

அமுக்கினார்கள். இரண்டு டிவியிலும் ஒரே அம்மா வந்தார். "சாப்பிட வாப்பா" என்று கூப்பிட்டார். இரண்டு பேரும் ஒரே சமயத்தில் வந்தார்கள், ஒரே சமயத்தில் உட்கார்ந்தார்கள், இலையில் கைவைத்தார்கள். பிறகு ஒருவர் இடப்பக்கம் திரும்பினார், மற்றவர் வலப்பக்கம் திரும்பினார். இரண்டு பெட்டிகளுக்கும் இடையில் இருந்த சந்தின் வழியாக ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரித்தார்கள். ஒரு டெக் கொஞ்சம் மெதுவாக ஓடியதால் அம்மாவின் குரல் போகப்போகப் பிந்தியது. "எங்க டிவி லேட்டா வருதுலா" என்று சேகரின் அப்பா பாதி எழுந்தார். கூட்டத்தைப் பார்த்து உட்கார்ந்திருந்த அக்கா, "அம்மா ரெண்டு தடவ கூப்புடுறாங்க மாமா. பேசாம கேளுங்க" என்றார். அவர் உட்கார்ந்தார். என் அப்பா துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் இப்போது இரண்டு பிள்ளைகளின் தாய். அவர்களுக்கு இரண்டு தாத்தாக்கள்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் கோலாலம்பூரிலிருந்து ஒரு பெண் விரிவுரையாளர் கடைக்கு வந்தார். தோட்ட மக்கள் நடிகர்களுக்காக ஏன் இப்படி அடித்துக்கொள்கிறார்கள் என்று ஆராய்பவர். அக்கா சொன்னார்: "வேலைய மேய்க்கிற மண்டோரு சொல்ற மர நெரைக்குத்தான் போகணும். ஆபீஸ் கிராணி குடுக்குற வீட்டுலதான் இருக்கணும். அவங்களாப் பாத்து எடுத்துக்கிட்ட ஒரே ஆளு அந்த நடிகருதான். விட்டுக் குடுப்பாங்களா?" அந்த அம்மையார் எழுதிக்கொண்டார். பிறகு நிமிர்ந்து, "நீங்க யாரோட ரசிகை?" என்று கேட்டார். நல்ல கேள்வி. அக்கா பல நாள் அதையே நினைத்துப் புகைந்துகொண்டிருந்தார். பிறகு திடீரென்று ஒரு மாலை, கடைக்கதவை இழுத்துக்கொண்டே சொன்னார்: "எனக்கு எந்த நடிகரும் பிடிக்கல கௌரி. அவங்களப் பிடிச்சுப்போய்க் கெடக்குறாங்களே, அந்த ஜனங்களத்தான் பிடிச்சிருக்கு."

அவர் திருமணம் செய்துகொள்ளவில்லை. கேட்டவர்களிடம், "ஒரே படத்த ஆயுசுக்கும் பாக்கச் சொல்றீங்களா?" என்பார். தோட்டங்கள் கலைந்து மக்கள் மம்பாவுக்கும் சிரம்பானுக்கும் குடிவந்த பிறகும், பழைய டேப்புகளைத் திரும்பக் கேட்டு வாங்கிச் சரிசெய்துகொண்டே இருந்தார். எந்த டேப்பும் முடிந்துவிட்டது என்று அவர் சொல்லக் கேட்டதில்லை. அதனால்தான் எனக்கு இந்தச் சாவு பொறுக்கவில்லை. பாதியில் வெட்டியதுபோல் இருக்கிறது.

புதன்கிழமை தெமியாங் வீட்டுக்கு என் அப்பாவும் மாமனாரும் ஒரே காரில் வந்தார்கள். இருவருக்கும் முடி நரைத்துவிட்டது. நடிகர்களைப் பற்றிய பேச்சு இன்றும் இருவருக்கும் ஆகாது. ஆளுக்கொரு மாலை வாங்கியிருந்தார்கள். அக்காவின் அருகில் போய் நின்றார்கள். நின்றுகொண்டே இருந்தார்கள்.

"நீங்க மொதல்ல போடுங்க சம்பந்தி" என்றார் அப்பா.

"சேச்சே, நீங்க பொண்ணு வீட்டுக்காரவுங்க. நீங்கதான் மொதல்ல" என்றார் மாமனார்.

"வயசுல நீங்க பெரியவரு."

"அதெல்லாம் இல்ல. நீங்க போடுங்க, நான் அப்புறம் போடுறேன்."

பின்னால் வரிசை நின்றுவிட்டது. வண்டி வந்துவிட்டதாக யாரோ குரல் கொடுத்தார்கள். இரண்டு கிழவர்களும் மாலையும் கையுமாக ஒருவரை ஒருவர் முன்னே தள்ளிக்கொண்டிருந்தார்கள். எரிச்சலில், "யாராச்சும் போடுங்களேன்பா!" என்று கத்த வாயைத் திறந்தேன். செவ்வாய்க்கிழமையிலிருந்து வராத அழுகை அப்போதுதான் வந்தது.

போய் வாருங்கள் அக்கா. நான் வீட்டுக்குக் கிளம்பும்வரை அந்த இருவரில் யாரும் முதலில் மாலை போட ஒப்புக்கொள்ளவில்லை.