போறன் என்று சொன்னவள்

பாரிசில் தமிழ்க் கடைகள் நெருங்கிக் கிடக்கிற ரூ காய்த் தெருவில் மீன் வாங்குகிறவர்களுக்கு அம்புறோஸைத் தெரியாமல் இருக்காது. மரியரட்ணத்தின் பலசரக்குக் கடையின் பின்பக்கத்தில், கண்ணாடித் தட்டுக்கு அப்பால், நீல ஏப்ரனோடு நிற்கிறவர் அவர்தான். வாங்குகிறவர் வீட்டில் எத்தனை வாய் என்று தெரிந்துவைத்துத்தான் துண்டு போடுவார். பேச்சு மட்டும் சிக்கனம். எதைக் கேட்டாலும் "ஓம்" அல்லது "இல்லை", அவ்வளவுதான். ஆனால் அந்த "ஓம்" கடைவாசல் வரைக்கும் கேட்கும். குளிர்பெட்டிகளின் இரைச்சலுக்கு மேலால் கத்திக் கத்தி வந்த பழக்கம்.

யாழ்ப்பாணத்துக் கடற்கரை ஊரான பாசையூரில் பிறந்தவர். பாரிசுக்கு வந்து கோப்பை கழுவினார், வெங்காயம் உரித்தார், கடைசியில் மீனிடமே வந்து சேர்ந்தார். மனைவி ஆலீஸ். ஒரே பிள்ளை டிலானி. பிள்ளையைப் பற்றி யாராவது கேட்டால் அவரிடம் ஒரு பதில் எப்போதும் தயாராக இருந்தது.

"லியோனிலை பாமசி செய்யிறாள்."

ஆறு வருடமாக அதே பதில்தான். அது சுத்தப் பொய்.

டிலானி லியோனில் இல்லை, பாரிசில்தான் இருந்தாள். மருந்துப் படிப்பை இரண்டாம் வருடத்தோடு விட்டுவிட்டு ஒரு நாடகக் குழுவில் சேர்ந்திருந்தாள். அமெரிக்காவில் எப்போதோ மேடையேறி, பிறகு நாய்கூடச் சீந்தாமல் போன பாட்டு நாடகங்களைத் தேடியெடுத்து, தூசி தட்டி, மறுபடியும் மேடையேற்றுவதுதான் அந்தக் குழுவின் வேலை. குழுவின் பிரெஞ்சுப் பெயரைத் தமிழில் 'பரண்பெட்டி' என்று சொல்லலாம். அமெரிக்கக்காரனே மறந்துபோனதை இவர்கள் ஏன் தலையில் தூக்கிவைத்துக்கொண்டு ஆடுகிறார்கள் என்பது அம்புறோஸுக்கு விளங்கவில்லை. இத்தனைக்கும் பாசையூர் கூத்துக்குப் பேர்போன இடம். அவருடைய தகப்பனே ராசா வேஷம் கட்டியவர். ஆனால் மகள் என்று வந்துவிட்டால் மனிதருக்கு இதெல்லாம் வசதியாக மறந்துவிடும்.

படிப்பை விட்ட செய்தியை டிலானி சொன்ன அன்று அவர் கத்தினார். "கூத்தாடப் போறதெண்டால் இந்த வீட்டிலை இருந்து செய்யேலாது" என்றார். டிலானி வீட்டில் எப்போதும் பிரெஞ்சில்தான் பதில் சொல்லுவாள். தகப்பன் தமிழில் திட்ட, மகள் பிரெஞ்சில் எதிர்த்துப் பேச, இரண்டுக்கும் நடுவில் ஆலீஸ் நின்று அல்லாடுவது அந்த வீட்டில் வழக்கம். அன்றைக்கு மட்டும் அவள் பையைத் தோளில் போட்டுக்கொண்டு, கதவடியில் நின்று தமிழில் சொன்னாள்.

"அப்ப நான் போறன்."

வாசலைத் தாண்டும்போது எங்கள் சனம் வாயில் எடுக்காத சொல் அது. பக்கத்துக் கடையில் பாண் வாங்கப் போனாலும் 'போட்டு வாறன்' என்றுதான் சொல்லவேண்டும். திரும்பி வருவேன் என்ற வாக்கு அதற்குள் இருக்கிறது. சின்ன வயதில் பள்ளிக்கூடம் புறப்படும்போது டிலானி 'போறன்' என்று ஓடினால், அம்புறோஸ் புத்தகப் பையில் பிடித்து நிறுத்திச் சரியாகச் சொல்லவைத்துத்தான் விடுவார்.

அதனால்தான் அந்தச் சொல் அவருக்குள் முள்ளாகத் தங்கிவிட்டது. அவளுடைய தமிழ் அரைகுறை. சரியான சொல் வாயில் வராமல் சொன்னாளா? தெரிந்துதான் சொன்னாளா? தெரியாமல் சொல்லியிருந்தால் அது பிழை, திருத்தலாம். தெரிந்து சொல்லியிருந்தால் எல்லாம் முடிந்தது என்று அர்த்தம். மீனின் செதில் வழிக்கும்போதும் பூசையில் முழந்தாளில் நிற்கும்போதும் இதையேதான் திருப்பித் திருப்பி யோசித்தார். தொலைபேசியை எடுத்துக் கேட்டிருந்தால் தீர்ந்திருக்கும். பதில் இரண்டாவதாக இருந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயத்தில் அவர் கேட்கவில்லை.

இந்தப் பங்குனியில், ரூ து ஃபொபூர் சேன்-தெனித் தெரு மூலைச் சுவரில் ஒரு பெரிய நாடக விளம்பரப் படம் ஒட்டினார்கள். அதில் பொன்முடியும் மயிலிறகுமாக ஒரு பெண் நின்றாள். அடுத்த நாளே, கடைக்கு வாடிக்கையாக வருகிற கோசலை மீன் வாங்க வந்தாள். தட்டுக்கு மேலால் எட்டிக் குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டாள்.

"அம்புறோஸ் அண்ணை, மூலையிலை ஒட்டியிருக்கிற படத்திலை நிக்கிற பெட்டை உங்கடை டிலானி மாதிரிக் கிடக்கு."

"ஒரு சாயல்" என்றார் அவர். "தலையும் போடட்டோ?"

கோசலை அவரை ஒருமாதிரிப் பார்த்துவிட்டு, தலையையும் போடச் சொன்னாள். பெற்ற பிள்ளையை மறுதலித்த அதே மூச்சில் மீன்தலையைப் பற்றிக் கேட்டோமே என்று அவருக்குத் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது. அன்று கத்தி கைக்குப் படியவில்லை.

வீட்டுக்கு வந்ததும் ஆலீஸிடம் அந்தப் படத்தைப் பற்றி எடுத்தார். ஆலீஸ் வெள்ளிக்கிழமைகளில் சேன்-தெனிச் சந்தைக்கென்று போய் மகளைச் சந்தித்துவிட்டு வருகிறாள் என்பது அவருக்குத் தெரியும். தெரியாததுபோல் இருந்துகொள்வார். சந்தையிலிருந்து வெறும் கொத்தமல்லிக்கட்டோடு திரும்பி வருகிறவளை வேறு எப்படி விளங்கிக்கொள்வது?

"அது சாயலில்லை. அவள்தான்" என்றாள் ஆலீஸ். "ஒரு அமெரிக்கன் கப்பல்காரப் பெடியன் சிலோன் கரையிலை ஒதுங்கிறானாம். அங்கத்தை இளவரசி அவனை விரும்புறாளாம். அதுதான் கதை. இளவரசி தன்ரை பாஷையிலை பாடுற மாதிரி ஒரு பாட்டிருக்கு. எழுதினவனுக்கு எங்கடை பாஷை எங்காலை தெரியும்? பூலா கூலா எண்டு வாயிலை வந்ததை எழுதி வைச்சிருக்கிறான்."

"அந்தக் கோமாளிப் பாட்டைப் பாடவோ இவ்வளவு பாடுபட்டவள்?"

"கேளுங்கோவன். அதை அப்பிடியே பாட அவையளுக்கே வெக்கமாப் போச்சு. மெட்டை வைச்சுக்கொண்டு, உன்ரை பாஷையிலை நீயே சொல் போடு எண்டு இவளிட்டை விட்டிட்டினம்."

ஆறு வருடமாக மரமாகவும் கதவாகவும் கடலலையாகவும் கூட்டத்தோடு கூட்டமாக நின்றவளுக்குக் கிடைத்த முதல் பெரிய வேஷம், தோலின் நிறத்தைப் பார்த்துக் கிடைத்தது. அது டிலானிக்கும் தெரியும். முதலில் மாட்டேன் என்றுதான் சொன்னாளாம். வேறு யாரோ முகத்தில் கறுப்பு மை பூசிக்கொண்டு வந்து பாடுவதைவிட நானே பாடுகிறேன் என்று பிறகு ஒத்துக்கொண்டாளாம். அம்புறோஸுக்கு இதைக் கேட்டதும் கோபம் வந்தது. கோபம் யார்மேல் என்று அவருக்கே பிடிபடவில்லை.

"என்ன சொல் போட்டிருக்கிறாள்?"

"நிலவு, கடல் எண்டு ஏதோ பாடுறாள். கடைசி நாள் மட்டும் வேறை சொல்லாம். எனக்கும் சொல்லேல்லை." ஆலீஸ் அடுப்பைத் தணித்தாள். "வாற ஞாயிறு பின்னேரம்தான் கடைசி. அப்பா வருவாரோ எண்டு கேட்டவள். அதுக்குப் பிறகு குழு கனடாவுக்கு, கியூபெக்குக்குப் போகுது. அவளை அங்கையே நிக்கச் சொல்லியும் கேக்கினமாம்."

ஞாயிற்றுக்கிழமை மீன்கடையில் மூச்சுவிட நேரமிருக்காது. அம்புறோஸ் மரியரட்ணத்திடம் போய், டாக்டரிடம் போகவேண்டும், பின்னேரம் நிற்க முடியாது என்றார். பிரான்சில் ஞாயிற்றுக்கிழமை எந்த டாக்டர் கடை திறந்துவைத்திருக்கிறார் என்று மரியரட்ணம் கேட்டிருக்கலாம், கேட்கவில்லை. "போட்டு வாங்கோ அண்ணை" என்று மட்டும் சொன்னார்.

நாடகக் கொட்டகை மெற்றோ மேம்பாலத்துக்குப் பின்னால் இருந்தது. பூசைக்குப் போடுகிற கோட்டை அம்புறோஸ் போட்டிருந்தார். கையை எலுமிச்சம்பழம் தேய்த்துக் கழுவியும் மீன்மணம் போகவில்லை என்ற சந்தேகத்தில், பக்கத்து இருக்கையிலிருந்த முத்துமாலை போட்ட பிரெஞ்சு அம்மையாரிடமிருந்து கையை ஒதுக்கியே வைத்திருந்தார். ஆலீஸ் மறுபக்கம் இருந்தாள்.

திரை விலகியது. காகிதத் தென்னை, துணிக் கடல், தொப்பி போட்ட அமெரிக்கப் பெடியன். சனம் சிரித்தது, அம்புறோஸ் சிரிக்கவில்லை. டிலானி மேடைக்கு வந்தபோது அவர் முதலில் பார்த்தது பொன்முடியையல்ல, கழுத்தெலும்பைத்தான். பிள்ளை மெலிந்துபோய்விட்டாள்.

அவள் பிரெஞ்சில் பேசினாள், பாடினாள். குரல் அவர் நினைத்ததைவிடக் கனமாக இருந்தது. பிறகு கப்பல் புறப்பட்டுப் போக, இளவரசி தனியே கரையில் நின்றாள். பியானோவும் ஒரு வயலினும் மட்டும் மெதுவாக வாசித்தன. அந்தப் பூலா கூலா பாட்டின் மெட்டு அதுதான். டிலானி மயிலிறகைக் கழற்றிக் கீழே வைத்துவிட்டு, சபையைப் பார்த்துப் பாடினாள்.

"போறன் எண்டு சொன்னது
பிழை எண்டு தெரியும், அப்பா.
தெரிஞ்சுதான் சொன்னனான்.
இப்ப வரட்டோ, அப்பா, நான் வரட்டோ?"

'ர' எல்லாம் பிரெஞ்சுத் தொண்டையிலிருந்து வந்தன. ஆனால் சொல் சொல்லாகக் கேட்டது. தெரிந்துதான் சொன்னாள். ஆறு வருடம் எந்தப் பதிலுக்குப் பயந்தாரோ அதே பதில், இத்தனை பேருக்கு முன்னால் வந்து நின்றது. அது நெஞ்சில் குத்திய வலி அடங்குவதற்குள் கடைசி வரியும் வந்துவிட்டது. முன்னிருக்கையில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். இளவரசி காதலனை நினைத்து உருகுகிறாள் என்று எண்ணியிருப்பார்கள், பாவம்.

டிலானி அதே வரியை மறுபடியும் பாடினாள். வரட்டோ, அப்பா. குரல் உடைந்தது. வயலின் நின்றுவிட்டது. அவள் காத்துக்கொண்டு நின்றாள்.

அம்புறோஸின் கண்ணால் தண்ணீர் ஓடியது. அவர் துடைக்கவில்லை.

"ஓம்" என்றார்.

மீன்தட்டுக்குப் பின்னாலிருந்து கடைவாசல் வரைக்கும் போகிற அதே "ஓம்". கொட்டகை முழுக்கக் கேட்டது. முத்துமாலை அம்மையார் அவரைத் திரும்பிப் பார்த்து, பயபக்தியோடு இரண்டு கைகளையும் கூப்பினார். பின்வரிசையில் யாரோ ஒரு பிரெஞ்சுக்காரர் கண்ணை மூடிக்கொண்டு "ஓம்" என்று நீட்டி முழக்கினார். கிழமை தவறாமல் மாதா கோயிலுக்குப் போகிற அம்புறோஸ் மந்திரம் சொன்னதாகச் சபை முடிவு செய்துவிட்டது. மேடையில், அழவேண்டிய இளவரசி அழுதுகொண்டே சிரித்துவிட்டாள்.

நாடகம் முடிந்து நடிகர்கள் வெளியே வருகிற வாசலில், குழுவை நடத்துகிற அம்மையார் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு, உங்கள் பிரார்த்தனை மேடையையே தூக்கிவிட்டது என்றார்.

"அது பிரார்த்தனை இல்லை, மடாம்" என்று அம்புறோஸ் தன் உடைந்த பிரெஞ்சில் சொன்னார். "என்ரை மகள் ஒண்டு கேட்டவள். அதுக்குச் சம்மதம் எண்டு சொன்னனான்."

டிலானி முகத்துப் பூச்சை அரைகுறையாகத் துடைத்துக்கொண்டு வந்தாள். அவர் அவளுடைய கையிலிருந்த பையை வாங்கித் தன் தோளில் போட்டுக்கொண்டு, வீட்டுப்பக்கம் போகாமல் நேரே ரூ காய்க்கு நடந்தார். தாயும் மகளும் பின்னால் வந்தார்கள். கடையில் சனம் நெரிந்துகொண்டு நின்றது. கோசலையும் நின்றாள்.

"டொக்டர் என்னவாம் அண்ணை?" என்று கேட்டார் மரியரட்ணம்.

"டொக்டரிட்டைப் போகேல்லை. பொய் சொன்னனான்." அம்புறோஸின் குரல் வாசல்வரைக்கும் போனது. "லியோனும் பொய், பாமசியும் பொய். இவள் என்ரை மகள். நாடகத்திலை பாடுறவள். மூலையிலை ஒட்டியிருக்கிற படத்திலை நிக்கிறது இவள்தான்."

யாரும் வாயைப் பிளக்கவில்லை. கோசலை மட்டும் டிலானியின் தோளைத் தடவிவிட்டுச் சொன்னாள்.

"அது எங்களுக்கு எப்பவோ தெரியும் அண்ணை. நீங்களாச் சொல்லுமட்டும் பாத்துக்கொண்டிருந்தனாங்கள்."

ஒரு தெருவே சேர்ந்து தன் பொய்யை ஆறு வருடம் பத்திரமாக வைத்திருந்தது என்று அப்போதுதான் அவருக்குத் தெரிந்தது. வெட்கம் பிடுங்கித் தின்றது. அதோடு ஒரு பாரமும் இறங்கியது.

டிலானி அன்றைக்கே சாமான் கட்டவேண்டும். விமானம் காலையில். லா சப்பல் மெற்றோப் படிவரைக்கும் அம்புறோஸ் கூட வந்து, தோளிலிருந்த பையைக் கழற்றிக் கொடுத்தார். கியூபெக்கில் நிற்பாளா, திரும்பி வருவாளா என்று கேட்க நாக்கு வரை வந்தது. இந்தத் தடவையும் அவர் கேட்கவில்லை.

அவள் படியில் ஏறித் திரும்பினாள். பழக்கதோஷத்தில் பிரெஞ்சுச் சொல் ஒன்று வாய்க்கு வந்ததை அவர் கண்டார். அதை விழுங்கிக்கொண்டு, பள்ளிக்கூடப் பிள்ளைபோல ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னாள்.

"அப்பா, போட்டு வாறன்."

"ஓம்" என்றார் அம்புறோஸ். மேலே ரயில் வந்துகொண்டிருந்தது. இந்த முறை அவருடைய குரல் அவளுக்கு மட்டும்தான் கேட்டது.