இணைச்சீர்

எங்கள் பக்கத்துக் கல்யாணங்களில் பெண்ணை மணவறைக்கு அழைத்து வருவதற்கு முன்னாலேயே மாப்பிள்ளையின் கூடப் பிறந்தவளுக்கு அங்கே ஓர் இடம் உண்டு. அதற்கு இணைச்சீர் என்று பெயர். அக்காவோ தங்கையோ, பட்டுடுத்தி, தலையில் பேழைக்கூடையும் கையில் தண்ணீர்ச் செம்புமாக நடந்து வந்து அவன் பக்கத்தில் நிற்பாள். ஒரு சேலையின் ஒரு முனை அவன் கையில் இருக்கும், மறுமுனை அவள் கையில். எந்தச் சபையிலும் பெண்களுக்கு முதல் இடம் தராத ஊரில் இப்படி ஒன்று இருப்பதை வெளியூர்த் தோழிகளிடம் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்திருக்கிறேன். எனக்கு ஒரே தம்பி, அவனுக்கு ஒரே அக்கா. அதனால் அந்த இடம் எனக்குத்தான் என்பதில் சின்ன வயதிலிருந்தே சந்தேகமே வந்ததில்லை.

இரண்டு வயதில் வந்த போலியோ என் இடது காலைச் சூம்ப வைத்துவிட்டது. தொடையிலிருந்து பாதம் வரை கம்பியும் தோல்வாருமாகக் காலிப்பர் மாட்டிக்கொண்டு நடக்கிறேன். நாமக்கல்லில் லாரிக்குப் பாடி கட்டும் பட்டறை ஒன்றில் ஆபீஸ் வேலை. திங்கட்கிழமை மட்டும் அரை நாள் லீவு சொல்லிவிட்டுக் கலெக்டர் ஆபீஸுக்குப் போவேன். குறைதீர் நாளில் மனு கொடுக்க வரும் என்னைப் போன்ற உடல் குறை உள்ளவர்களுக்கு எழுதிக் கொடுப்பதும், அதிகாரி முன்னால் அவர்கள் வாயடைத்து நிற்கும்போது பேசுவதும் என் வேலை. எனக்கு வாய் நீளம் என்பது அங்கே வாட்ச்மேன் வரைக்கும் தெரியும். ஓர் அலுவலகத்துக்குச் சாய்தளம் கேட்டு இரண்டு வருஷம் அலைந்து வாங்கினோம். செங்குத்தாகக் கட்டி வைத்தார்கள். வீல்சேர் ஏறாது, பைக் ஏறும். இன்றைக்கும் அதில் பைக்குகள்தான் நிற்கின்றன.

ஒரு தடவை காது கேளாத பிள்ளை ஒன்றைப் பள்ளிக்கூடத்தில் வைத்துக்கொள்ள மாட்டோம் என்று அனுப்பிவிட்டார்கள். கேட்டதற்கு, மாணவி தன் விருப்பத்தின் பேரில் விலகிக்கொண்டாள் என்று ஒரு காகிதத்தைக் காட்டினார்கள். அடியில் அந்தப் பிள்ளையின் அப்பா கைநாட்டு வைத்திருந்தார். அவரை நான் கண்டபடி திட்டினேன். உங்களை வெளியே தள்ளுவதற்கு உங்கள் கையையே வாங்கிக்கொள்கிறார்கள், அது கூடவா தெரியவில்லை என்று கேட்டேன். மனுஷன் தலை குனிந்தபடி நின்றார். அவரை அப்படிப் பேசியதற்கு இப்போது வெட்கப்படுகிறேன்.

தம்பிக்குப் பெண் பார்க்கப் போனபோது என்னை அழைத்துப் போகவில்லை. காரில் இடமில்லை என்றார்கள். நானும் நம்புகிற மாதிரி இருந்துகொண்டேன். நிச்சயம் ஆனதும் நான் ஒரு வேலை செய்தேன். பட்டறையிலிருந்து வந்ததும் வாசலில் செம்பு நிறையத் தண்ணீர் எடுத்துக்கொண்டு, தலையில் ஒரு கூடையை வைத்து நடந்து பழகினேன். ஒரு கை கூடைக்கு, ஒரு கை செம்புக்கு. வழக்கமாக முழங்காலுக்கு மேலே கையை ஊன்றித்தான் எட்டு வைப்பேன். அந்தக் கை இல்லாமல் நடப்பது சுலபமில்லை. முதல் வாரம் பாதிச் செம்பு கொட்டியது. மாசக் கடைசியில் நாலைந்து சொட்டுதான். அம்மா கதவோரம் நின்று பார்ப்பாள். நன்றாக நடக்கிறாய் என்று ஒரு நாளும் சொல்லவில்லை, நடக்காதே என்றும் சொல்லவில்லை.

கல்யாணம் ராசிபுரம் பக்கத்தில் ஒரு மண்டபத்தில். காலையில் நான் பட்டுச்சேலை கட்டிக்கொண்டு மாப்பிள்ளை அறைக்கு வந்தபோது பெரியப்பா மகளும் அதே மாதிரி ஜரிகைச் சேலை கட்டித் தலைநிறையப் பூ வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றாள். அவள் மேல் எனக்குக் கோபம் இல்லை. அவளைக் கூப்பிட்டு உட்கார வைத்தவர்கள் மேல்தான்.

எங்கள் சடங்குகளைச் செய்து வைக்கும் பெரியவரை அருமைக்காரர் என்போம். அவர் வெளியே சொல்லிக்கொண்டிருந்தது எனக்கு நன்றாகக் கேட்டது.

"கூடப் பொறந்தவ இருக்கறப்ப இன்னொருத்திய நிறுத்த என்னால ஆகாதுங்க. அந்தப் புள்ளையே வந்து வேண்டாம்னு சொன்னா அது வேற."

நான் பயந்தது அந்தப் பெரியவருக்குத்தான். பழைய காலத்து ஆள், ஊனம் மணவறை ஏறக்கூடாது என்பார் என்று நினைத்து, அவரிடம் பேச வேண்டிய வார்த்தைகளைக்கூடத் தயார் செய்து வைத்திருந்தேன். அவரோ என் பக்கம் நின்றார். எனக்கு இடம் இல்லை என்று சொன்னது சாத்திரமும் இல்லை, சம்பிரதாயமும் இல்லை. என் வீடுதான்.

தம்பி உள்ளே வந்து கதவைச் சாத்தினான். ரிக் வண்டியில் ஊர் ஊராகப் போய் போர்வெல் போடுகிறவன், யாருக்கும் பயப்படாதவன். என் முகத்தைப் பார்க்காமல் காலிப்பரைப் பார்த்துக்கொண்டு பேசினான். பெண் வீட்டார் நிறைய வந்திருக்கிறார்களாம். வீடியோ எடுக்கிறார்களாம். மேடைக்கு ஏழு படியாம், கைப்பிடி கிடையாதாம். பரம்பரை வியாதியோ என்று நாலு பேர் கேட்டால் நாளைக்குப் பிறக்கிற குழந்தை வரைக்கும் பேச்சு வருமாம். போலியோ பரம்பரையில் வராது என்பது அவனுக்குத் தெரியும். பள்ளிக்கூடத்தில் என்னைக் கேலி செய்தவனை அடித்துவிட்டு வந்து, இது கிருமியால் வருவது என்று வாத்தியாருக்கே விளக்கம் சொன்னவன் அவன்.

"அக்கா, நீயே வேண்டாம்னு சொல்லிப்போடேன். வேற ஆரு சொன்னாலும் அவரு ஒத்துக்கமாட்டாரு."

நான் அம்மாவைப் பார்த்தேன். அவள் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். அவள் தாம்பாளத்தில் தேங்காய்களை எடுத்து எடுத்து வைத்துக்கொண்டிருந்தாள். அடுக்கின தேங்காய்களையே மறுபடியும் அடுக்கினாள்.

கலெக்டர் முன்னால் மேசையைத் தட்டிப் பேசியவள் நான். அன்றைக்கு நான் சொல்ல வேண்டியது ஒன்றே ஒன்றுதான், நான் நிற்கிறேன் என்று. பெரியவர் அதற்காகத்தான் காத்திருந்தார். எனக்கு அந்தத் தைரியம் வரவில்லை. தைரியம் வரவில்லை என்பதுகூடச் சரியில்லை. என் தம்பி என் காலைப் பார்த்து வெட்கப்படுவதை அத்தனை பக்கத்தில் பார்த்த பிறகு அவன் பக்கத்தில் போய் நிற்க எனக்கே பிடிக்கவில்லை. கதவைத் திறந்துகொண்டு போய், "எனக்கு வேண்டாமுங்க, அவளே நிக்கட்டும்," என்றேன்.

பெரியவர், "நெசமாத்தான் சொல்றியா சாமி?" என்று கேட்டார். ஆமாங்க என்றேன். பெரியம்மா என் கன்னத்தை வழித்துத் திருஷ்டி கழித்து, உன் மனசு யாருக்கு வரும் என்றாள். எல்லோருக்கும் மூச்சு வந்தது. நாதஸ்வரம் தொடங்கியது.

சீர் நடந்ததை நான் பார்க்கவில்லை. பைகளைப் பார்த்துக்கொள்ள ஒரு ஆள் வேண்டும் என்று அறையிலேயே இருந்துவிட்டேன். தாலி கட்டினதும் ஆசீர்வாதம் வாங்க இரண்டு பேரும் உள்ளே வந்து என் காலில் விழுந்தார்கள். தம்பி எழுந்திருக்கக் கொஞ்சம் தாமதித்தான். நன்றாக இருங்கள் என்று சொல்லி விபூதி பூசினேன். மனசார வாழ்த்தினேனா என்று கேட்டால் எனக்குத் தெரியாது.

பந்தியில் கூட்டம் குறைந்த பிறகு சாப்பிட உட்கார்ந்தேன். பக்கத்து இலையில் பெண் வீட்டுப் பக்கத்து அம்மாள் ஒருவர், வாழப்பாடியிலிருந்து வந்தவர், நல்ல மனுஷி. மேசைக்கு அடியில் இருந்ததால் என் கால் அவருக்குத் தெரியவில்லை. நான் யார் பக்கம் என்று விசாரித்தார். மாப்பிள்ளை வீடு என்றேன். அவர் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"ஏம்மா, மாப்பிள்ளைக்குக் கூடப் பொறந்ததுன்னு ஒண்ணுமே இல்லியா? பெரியப்பா பொண்ணு வந்து நின்னுச்சே, அதான் கேட்டேன்."

"இல்லீங்க," என்றேன். "ஒத்தைப் பையன்."

அடப் பாவமே என்று சொல்லிவிட்டு அவர் மோருக்குக் கையை நீட்டினார்.