ஒரு வீட்டு ஜனங்கள்

விலைவாசி என்று அவருக்குப் பெயர் வைத்தது புள்ளிவிவர ஆபீஸ்காரர்கள். சோப்பு, பல்பு, பஸ் டிக்கெட் என்று மாசாமாசம் விலையைக் குறித்து, போன மாசத்தைவிட எவ்வளவு ஏறியது என்று சொல்கிற பொருளாதார நிபுணர். கண்ணும் கருத்துமாகச் செய்தார். அதோடு நிறுத்தியிருக்கலாம். மனுஷன் சும்மா இருக்காமல், கஷ்டகாலத்திலும் நம் ஜனங்கள் அடுத்தவருக்குப் பரிசு வாங்குவதை ஏன் விடுவதில்லை என்று பத்திரிகையில் ஒரு கட்டுரை எழுதித் தொலைத்தார். வந்தது வினை! ரேடியோவில் கூப்பிட்டார்கள், அப்புறம் டிவியில். வேலையை விட்டுவிட்டு, நாம் யார், நம் பண்பாடு எது என்று ஊர் ஊராகப் பேசக் கிளம்பிவிட்டார்.

வீட்டுக்காரி தன் அக்காவின் ஆபரேஷனுக்குத் துணையாகப் போனாள். அக்கா எழுந்து நடமாட ஆரம்பித்தும் இவள் திரும்பவில்லை. சண்டையா, சச்சரவா, ஒன்றும் கிடையாது. "எப்ப வர்றே?" என்று போனில் கேட்டால், "பார்க்கலாம்" என்பாள். கட்டிலில் அவள் படுக்கிற பக்கம் வெறுமையாகக் கிடப்பதைப் பார்க்க முடியாமல் அங்கே புத்தகங்களைப் பரப்பி வைத்துக்கொண்டார். அவள் வரவேண்டும், அவ்வளவுதான் அவருக்கு. அதைச் சொல்லத்தான் வாய் வரவில்லை. ஊருக்கெல்லாம் பேசுகிற வாய்!

அன்றைக்கு ஒரு கல்லூரி அரங்கில் பேச்சு. டிவியில் நேரடி ஒளிபரப்பு வேறு.

"நம்ம ஜனங்க கோபம் வந்தா குரலைத் தாழ்த்துவாங்க. வெளியூர் கிளம்பினா, அடுப்பை அணைச்சோமான்னு பாதி வழியில திரும்பி வருவாங்க. வீட்டுல ஒருத்தர் வர நேரமானா, பசியைப் பொறுத்துக்கிட்டு உட்கார்ந்திருப்பாங்க. இதாங்க நம்ம நாடு!"

கைதட்டல் காதைப் பிளந்தது.

முன்வரிசையிலிருந்து அவருடைய பழைய மேலதிகாரி அம்மாள் எழுந்தார். ரிட்டயர் ஆகியும் வாய்க்கு மட்டும் ஓய்வு கொடுக்காதவர்.

"எங்க வீட்டுல அவங்கவங்க போட்டுச் சாப்பிட்டுட்டுப் படுத்துடுவோம். கோபம் வந்தா தெருவுக்கே கேட்கும். அப்ப நாங்க இந்த நாட்டுல சேர்த்தி இல்லையா? இதையெல்லாம் எத்தனை வீட்டுல விசாரிச்சே, விலைவாசி?"

அரங்கம் கொல்லென்று சிரித்தது. அவர் பதில் சொல்ல வாயைத் திறந்தார். எந்தெந்த வீடு என்று மனசுக்குள் தேடினார். டாக்சியைத் திருப்பச் சொல்லி அடம்பிடித்தது யார்? கோபத்தில் குரல் இறங்கினது யாருக்கு? எதைத் தொட்டாலும் ஒரே முகம்தான் வந்து நின்றது. என்னதான் பேச்சாளர் ஆனாலும் கணக்கில் பொய் சொல்லி அவருக்குப் பழக்கமில்லை.

"ஒரு வீட்டுலதாங்க மேடம்," என்றார்.

ஜோக் என்று நினைத்து மறுபடியும் சிரித்தார்கள். பேச்சை அரைகுறையாக முடித்துக்கொண்டு வெளியே வந்து போன் போட்டார்.

"பார்த்தேன்," என்றாள் அவள். "உன்னைத்தான்டி சொல்றாருன்னு அக்கா கேலி பண்றா."

"உன்னைத்தான் சொன்னேன். இத்தனை நாளும் உன்னைத்தான் சொல்லிக்கிட்டிருந்திருக்கேன், எனக்கே தெரியல. வந்துடேன்மா. நீ இல்லாம முடியல."

அவள் சாதாரணமாகத்தான் சொன்னாள்.

"நீங்க சொன்னவ நல்லவதாங்க. ஆனா நான் இப்பல்லாம் பசிச்சா சாப்பிட்டுடறேன்."