பிள்ளை கழுத்துச் சங்கு

திருகோணமலைக்குப் போய்வந்த கொழுந்தனார் பெருவிரல் அளவுச் சங்கு ஒன்றைக் கொண்டுவந்தார். “கண்ணு படாதுங்க அண்ணி” என்று சொல்லி, எங்கள் கைக்குழந்தையின் கழுத்தில் கறுப்புக் கயிற்றில் கட்டினார்.

எங்கள் வட்டவளைத் தேயிலைத் தோட்டத்து மலைக்குளிரில் சில நாள் ஒன்றும் தெரியவில்லை; பிள்ளை சங்கைச் சப்பி விளையாடினான். பிறகு, அடுப்பருகே வைத்துப் பால் கொடுக்கும்போதெல்லாம் பிள்ளையிடம் அழுகல் வாடை அடித்தது. காதில் சீழோ, வயிற்றில் புண்ணோ என்று நடுங்கினேன். திரும்பத் திரும்பக் குளிப்பாட்டினேன்; காப்பு என்பதால் கயிற்றை மட்டும் அவிழ்க்கவில்லை. கடைசியில் முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் பால் கொடுத்தேன்.

லயத்தில் அடுத்த காம்பராவில் குடியிருக்கும் பாக்கியம் அக்காவிடம் அழுதேன். அவர் பிள்ளையை வாங்கி, கழுத்து மடிப்பில் மூக்கைப் புதைத்து முகர்ந்தார்.

“புள்ள நல்லாத்தான் மணக்குறான் தங்கச்சி. சங்குதான் நாறுது.”

சங்குக்குள் கொண்டை ஊசியை விட்டு நெம்பினார். கடுகுபோல் இரண்டு கண்களோடு, உள்ளே செத்துக் கிடந்த சங்குப் பூச்சியின் கறுத்த சதை வழுக்கித் தரையில் விழுந்தது.

“கறியையும் சேத்துல்ல கட்டியிருக்காரு ஒங்க கொழுந்தனாரு.”

இதையா என் பிள்ளை சப்பிக்கொண்டிருந்தான்? வெளியே ஓடி வாந்தியெடுத்தேன்.

சங்கை லயத்துச் சாக்கடைக் கானில் எறிந்ததும் வாடை போய்விட்டது. ஆனால் நான் முகம் திருப்பிய இடத்தில் அக்கா மூக்கைப் புதைத்தது மனதைவிட்டுப் போகவில்லை. இன்றும் அவனை முத்தமிடுமுன், என்னை அறியாமல் ஒருமுறை முகர்ந்துவிடுகிறேன்.