தறிக்குழியில் ஏறிய மழை

பேத்தி கல்யாணத்துக்கு ஒரு மாதம் இருந்தது. முகூர்த்தப் புடவை பாதி நெய்தாகிவிட்டது என்று அதை நெய்கிற வசந்தா போனில் சொன்னாள். என் பேத்திக்கு நெய்கிற பட்டை நான் பார்க்காமல் வேறு யார் பார்ப்பது? ஐப்பசியில் ஒரு நாள் கண்ணமங்கலத்தில் முதல் பஸ் ஏறினேன். ஆரணி சுமார் பதினேழு கிலோமீட்டர், முக்கால் மணி நேரம். அங்கிருந்து வசந்தா தெருவுக்கு ஷேர் ஆட்டோ, இருபது ரூபாய்.

தெரு நீளத்துக்கும், தறியில் ஏற்றப்போகிற யாருடையதோ பாவு நூலை இழுத்துக் கட்டியிருந்தார்கள். மஞ்சள் பட்டு, விடியல் வெளிச்சத்தில் ஓடை போல அசைந்தது. நான் உள்ளே போய்ப் புடவையைத் தடவிக்கொண்டிருந்தபோதே வானம் கறுத்தது.

"மழ வருது, பாவ சுருட்டுங்க!"

அந்தத் தெருவில் பாவு யாருடையது என்று கேட்பதில்லை. மழை என்றால் எல்லா வீடும் ஓடும்.

"ஆயா, உக்காந்துகினு இருங்க. ஜல்தியா வந்துடறோம்," என்று வசந்தாவும் புருஷனும் ஓடினார்கள்.

"போடி, நான் என்ன கொழந்தையா?" என்றேன்.

பிறகு காற்று வந்தது. முன்கதவு அறைந்து சாத்திக்கொண்டது, இழுத்தேன், வரவில்லை. கரண்ட் போயிற்று. போனிலும் சிக்னல் இல்லை. இருட்டில் தறியிலிருந்த பேத்தியின் அரக்குப் பட்டு மட்டும் மினுங்கியது. வீடே எங்கோ மிதந்து போவது போலிருந்தது.

டொக். டொக்.

யாரோ தறி மிதிக்கிற சத்தம். தறியில் யாரும் இல்லை. தெரிந்த சாமியையெல்லாம் கூப்பிட்டுக்கொண்டே எட்டிப் பார்த்தேன். நெய்கிறவர் கால் வைக்கும் குழியில் தண்ணீர் ஊறியிருந்தது. மிதிகட்டை மிதந்து மரத்தில் இடித்தது. பட்டுக்கும் தண்ணீருக்கும் ஒரு சாண்தான்.

குண்டானை எடுத்துக்கொண்டு குழியில் இறங்கினேன். மொண்டு மொண்டு குழிக்குப் பக்கத்திலிருந்த பின்வாசல் வழியாக வீசினேன். ஊற ஊற மொண்டேன். என் காலுக்குப் பக்கத்தில் இன்னொரு காலும் மிதிப்பது போலவே இருந்தது. குனிந்து பார்க்கவில்லை. பார்த்தால் கை நின்றுவிடும்.

மழை விட்டதும் வசந்தா கதவைத் தள்ளிக்கொண்டு சொட்டச் சொட்ட வந்தாள். என்னைப் பார்க்கவில்லை. புறங்கையால் பட்டைத் தொட்டாள்.

"நனையல ஆயா," என்றாள்.

"தறியில எறங்கிட்டீங்க, மீதியயும் நெய்ஞ்சிட்டுப் போங்களேன்," என்றான் அவள் புருஷன்.

"உன்னவிட அழுத்தமா நெய்வேன். கால் மரத்துப்போச்சு, மொதல்ல தூக்குடா!"

மழை மாதத்தில் புடவை நெய்யச் சொல்கிறவர்கள், தறி குழித்தறியா என்று கேட்டுக்கொள்ளுங்கள். ஈரம் காயும்வரை நெய்ய மாட்டார்கள். பத்து நாள் கூடுதலாக விடுங்கள். தனியாகப் போகாதீர்கள் என்று சொல்ல மாட்டேன். அன்று நான் போகாவிட்டால் அந்த வீட்டில் யார் இருந்திருப்பார்கள்?

முகூர்த்தத்தன்று பேத்தி கட்டிக்கொண்டு வந்தாள். எல்லாரும் நிறத்தைப் பார்த்தார்கள். நான் முந்தானையைத் தொட்டுப் பார்த்தேன். காய்ந்துதான் இருந்தது.